விண்வெளி நூல்கள், தமிழில்

வானியல், விண்வெளிப் பயணம், அறிவியலாளர் வாழ்க்கை ஆகியவற்றைப் பேசும் நூல்வகை. கட்டுரையில் முன்னோடி பெ. நா. அப்புசுவாமி (1891–1986). அறிவியல் புனைவில் பெரும்பெயர் சுஜாதா (1935–2008). ஆனாலும் அவரது ‘என் இனிய இயந்திரா’ நாவலில் வாசகர் மனத்தில் ஒட்டிக்கொண்டது ஜீனோ என்ற பேசும் இயந்திர நாய்தான், விண்கலம் அல்ல. சந்திரயான்-1 (2008) திட்ட இயக்குநர் மயில்சாமி அண்ணாதுரை ‘கையருகே நிலா’ எழுதினார். அப்துல் கலாமின் ‘அக்னிச் சிறகுகள்’ பலரும் அறிந்தது.

அறிவியலாளர் வாழ்க்கை என்றால், நாவலையே மிஞ்சுவது வானியற்பியலாளர் எஸ். சந்திரசேகரின் வாழ்க்கை. 1930இல், 19 வயதில், இங்கிலாந்து செல்லும் கப்பலில் உட்கார்ந்து வெண்குள்ள விண்மீனுக்கு ஒரு நிறை வரம்பு உண்டு என்று கணக்கிட்டார். இன்றைய மதிப்பில் அது சூரிய நிறையைப்போல் சுமார் 1.4 மடங்கு. 1935இல் லண்டன் வானியல் கழகக் கூட்டத்தில் வானியலாளர் எடிங்டன் அதை எள்ளி நகையாடினார். நோபல் பரிசு 1983இல்தான் வந்தது. சந்திரசேகரைப் பற்றிக் காமேஷ்வர் வாலி எழுதிய விரிவான வாழ்க்கை வரலாறு 1991இல் ஆங்கிலத்தில் வெளிவந்தது.