குருசடி

தமிழில் சிலுவைக்கு இரண்டு பெயர்கள் உண்டு. இரண்டும் வெளியிலிருந்து வந்தவை. ‘சிலுவை’ சுரியானியின் ‘ஸ்லீவா’. தோமா கிறித்தவர்களின் பழைய வழிபாட்டு மொழி சுரியானி. ‘குருசு’ போர்ச்சுகீசியரின் ‘க்ரூஸ்’. 1530களில் பரதவர் ஞானஸ்நானம் பெற்ற முத்துக்குளித்துறையில் கரையேறியது. சொல்லின் தலையில் மெய்கள் சேர்ந்து நிற்பது தமிழ் நாவுக்கு ஆகாது. இரண்டிலும் ஓர் உயிரை இடையே நுழைத்துத் தனதாக்கிக்கொண்டது.

அதே முத்துக்குளித்துறையின் மணப்பாட்டில் ஒரு வாய்மொழி வழக்கு உண்டு. 1540இல் புயலில் சிக்கிய போர்ச்சுகீசியக் கப்பல் தலைவன், பிழைத்தால் குருசு நாட்டுவதாக நேர்ந்துகொண்டு, முறிந்த பாய்மரத்திலேயே அதைச் செய்து கடலோரக் குன்றில் நிறுத்தினானாம். 1581இல் அங்கே ஆலயம் எழுந்தது. செப்டம்பர் 14 அதன் திருவிழா. அவன் நட்டது குருசு. ஆலயத்தின் பெயரோ திருச்சிலுவை. செப நூல்களிலும் விவிலியத்திலும் சிலுவையே நிலைத்தது. குருசு ஆட்பெயர்களில் தங்கியது. தூத்துக்குடிக்குக் குடிநீர் கொண்டுவந்த நகராட்சித் தலைவர் குரூஸ் பர்னாந்து பெயரில் இருப்பது அதுதான்.

குருசுக்கு உண்மையான வாழ்வு கொடுத்தது ‘அடி’ என்ற நம் சொல். ஆலடி, வேம்படி, தேரடி என்று ஊர் கூடும் இடங்களுக்கு நாம் பெயரிட்ட முறையிலேயே குருசடியும் பிறந்தது. முச்சந்தியில் படிவைத்த பீடம், மேலே கற்குருசு, விளக்கேற்ற ஒரு மாடம்: தொடக்கத்தில் அவ்வளவே. பூசைக்குத்தான் சாமியார் வேண்டும். குருசடியில் தெருக்காரர்களே விளக்கேற்றுவார்கள், செபமாலை சொல்வார்கள், உப்பும் மிளகும் காணிக்கை வைப்பார்கள். இப்போது அக்கம்பக்கத்துக் குடும்பங்கள் சேர்ந்து செபிக்கும் அன்பியக் கூட்டமும் அங்கேதான். மக்கள் தங்கள் கையாலேயே நடத்தும் இடம் என்பதால்தான் நூல்கள் கைவிட்ட சொல்லை இது காத்தது என்று உறுதியாக நம்புகிறேன்.

குமரி மாவட்டத்தில் குருசடியாகத் தொடங்கி, ஓலைக்கூரை கண்டு, கிளைப்பங்காகி, பிறகு தனிப் பங்காக வளர்ந்த ஊர்கள் பல. பொருளும் அதற்குள் விரிந்துவிட்டது. அந்தோணியார் குருசடி, மாதா குருசடி என்கிறோம். உள்ளே நடுவில் இருப்பது சுரூபம், குருசு கூரை உச்சிக்குப் போயிருக்கும். நாகர்கோவில் பக்கம் அது பேருந்து நிறுத்தத்தின் பெயரும்கூட. எந்தச் சமயத்தவரானாலும் நடத்துநரிடம் “குருசடிக்கு ஒண்ணு” என்றுதான் கேட்பார்கள்.