திரைக்கு வெளியே ஒரு குரல்

தமிழ்ப் பாட்டு எக்காலத்திலும் ஏதேனும் ஒரு நிழலில் ஒதுங்கியே வளர்ந்து வந்துள்ளது. கோயில் அதற்கு நிழல் தந்தது, அரசவை தந்தது, நாடகக் கொட்டகையும் தந்தது. 1931ஆம் ஆண்டில் ‘காளிதாஸ்’ பேசும் படமாக வெளிவந்த பின்னர், அப்பொறுப்பைத் திரையுலகம் ஏற்றுக்கொண்டது. நாளடைவில், பாட்டு என்றாலே திரைப்பாட்டு என்று பொருள் கொள்ளும் நிலை தமிழர் வாழும் நாடுகளிலெல்லாம் உண்டாயிற்று. ஸ்ரீ கெம்பாங்கானாயினும் பிரிக்பீல்ட்சாயினும் கிள்ளானாயினும், திருமண மண்டபங்களிலும் கலை விழாக்களிலும் ஒலித்தவை பெரும்பாலும் சென்னையிலிருந்து வந்த பாடல்களே.

இந்நிலைக்கு மாற்றாக எழுந்த குரல்களுள் மலேசியக் குரல் முக்கியமானது. 1998இல் ‘பொயட்டிக் அம்மோ’ குழுவினர் பல மொழிகளைக் கலந்து தம் முதல் இசைத்தொகுப்பை வெளியிட்டனர். அக்குழுவைச் சேர்ந்த யோகி பி, பின்னர் ‘நட்சத்திரா’ குழுவினருடன் இணைந்து 2006இல் ‘வல்லவன்’ என்னும் தமிழ்ச் சொல்லிசைத் தொகுப்பை வழங்கினார். அதில் இடம்பெற்ற ‘மடை திறந்து’ கடல் கடந்து தமிழ்நாட்டிலும் புகழ் பெற்றது. ஆயினும் அப்பாடல், 1980இல் வெளிவந்த ‘நிழல்கள்’ படத்திற்கு இளையராஜா அமைத்த இசையின்மேல் எழுப்பப்பட்டதாகும். திரையை விட்டு விலக முயன்ற குரலுக்கும் திரையே தோள் கொடுத்தது என்பது எண்ணிப் பார்க்கத்தக்கது.

இவ்வழியில் அடுத்து வந்தவர்கள் ஆதி, ஜீவா என்னும் இருவர். ‘ஹிப்ஹாப் தமிழா’ என்பது அவர்கள் தமக்கு இட்டுக்கொண்ட பெயர். கோவையைச் சேர்ந்த ஆதி பாடிய ‘கிளப்புல மப்புல’ 2011இல் இணையத்தின் வழியே பரவிற்று. பெண்களின் நடத்தையை மட்டும் இடித்துரைக்கும் பாட்டு என்ற கண்டனமும் அதற்கு எழாமல் இல்லை. 2012இல் இருவரும் ‘ஹிப்ஹாப் தமிழன்’ என்னும் முதல் தொகுப்பை வெளியிட்டனர். இந்தியாவின் முதல் தமிழ்ச் சொல்லிசைத் தொகுப்பு என்று அதனைப் பலர் குறிப்பிடுவர். உலகத் தமிழரின் கணக்கில் மலேசிய ‘வல்லவன்’ அதற்கு 6 ஆண்டு மூத்தவன் என்பதை மறத்தலாகாது.

முதல் தொகுப்பு தந்த புகழ் திரையுலகின் கதவைத் திறந்தது. ‘எதிர்நீச்சல்’ (2013) படத்தில் ஆதி பாடினார். 2015இல் ‘ஆம்பள’, ‘தனி ஒருவன்’ ஆகிய படங்களுக்கு இருவரும் இசையமைத்தனர். 2017இல் ‘மீசைய முறுக்கு’ படத்தை ஆதியே இயக்கி நடித்தார். திரைக்கு வெளியே தொடங்கிய குரல் திரைக்குள் கரைந்து போயிற்றோ என்னும் ஐயம் இயல்பாகவே எழுந்தது.

அவ்வையத்திற்கு விடையாக வந்ததே 2020இல் வெளியான இரண்டாவது தொகுப்பாகிய ‘நான் ஒரு ஏலியன்’. முதல் தொகுப்புக்கும் இதற்கும் இடையே 8 ஆண்டுகள். தொற்றுநோய் காரணமாகத் தமிழ்நாட்டுத் திரையரங்குகள் மார்ச்சு முதல் நவம்பர் வரை மூடப்பட்டிருந்த ஆண்டு அது. ஏலியன் என்பது வேற்றுக்கோள்வாசியைக் குறிக்கும். ஊரெல்லாம் அறிந்த கலைஞன் தன்னை அந்நியன் என்று அழைத்துக்கொள்வதில் ஓர் உண்மை உண்டு. பேரும் பொருளும் பெற்ற பின்னரும், கதைத்தலைவனுக்காக அன்றித் தனக்காகப் பாடும் வேட்கை அவனுள் எஞ்சி நிற்கிறது.

முதல் படைப்பை இளமையின் துணிவு எழுதிவிடும். இழப்பதற்கு ஏதுமில்லாத காலம் அது. இரண்டாவது படைப்போ, இழப்பதற்குப் பல இருக்கும் காலத்தில் எழுதப்படுவது. ஒருவனின் கொள்கையை அளக்கும் கோல் அதுவேயாகும்.

இப்பாடல்களில் ஆங்கிலச் சொற்கள் மிகுந்துள்ளன என்பது மொழிப்பற்றாளரின் மனக்குறை. அது புறக்கணிக்கத்தக்கதன்று. எனினும், வீட்டிலும் தெருவிலும் பிற மொழிகள் சூழ வாழும் இளைஞன், தன் சினத்தையும் தனிமையையும் தமிழில் சொல்லத் துணிவது சிறிய செய்தியன்று. அவனுடைய தமிழைத் திருத்தலாம். அவன் வாயை அடைத்துவிட்டால் திருத்துவதற்கும் தமிழ் இராது. மலேசிய மண்ணில் ஊன்றிய வித்து கோவையிலும் முளைத்தது. அதனைப் பேணி வளர்ப்பது இரு கரையிலும் வாழும் தமிழரின் கடமையாகும்.