ஓய்வூதியம் உரிமையான கதை

1871-ஆம் ஆண்டின் ஓய்வூதியச் சட்டத்தில் அருகருகே இரண்டு முகங்கள் உண்டு. அதன் 11-ஆவது பிரிவு, கடன்காரர் எவரும் ஓய்வூதியத்தை ஜப்தி செய்ய முடியாதபடி காத்தது. 4-ஆவது பிரிவோ, ஓய்வூதியம் பற்றிய வழக்கை உரிமையியல் நீதிமன்றம் விசாரிக்கவே கூடாது என்றது. கலெக்டர் சான்று தந்தால் மட்டும் விலக்கு. ஓய்வூதியம் அரசு மனமுவந்து அளிப்பது, கேட்டுப் பெறுவதல்ல என்ற எண்ணமே இதற்கு அடிப்படை. கிராஜுவிட்டிக்கு வழங்கும் ‘பணிக்கொடை’ என்ற சொல்லில் அந்தக் கொடை இன்னமும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

நூறாண்டு கழித்து, 1971-இல், பீகார் கல்வித்துறையைச் சேர்ந்த தியோகிநந்தன் பிரசாத்தின் வழக்கில் அந்த எண்ணம் உடைந்தது. ஐந்தாண்டு தொடர்ந்து பணிக்கு வராதவர் வேலையை இழந்தவரே என்ற விதியைக் காட்டி, அரசு அவருக்கு ஓய்வூதியத்தை மறுத்திருந்தது. ஓய்வூதியம் ஊழியரின் சொத்து, அதைப் பெற 1871-ஆம் ஆண்டுச் சட்டம் ரிட் மனுவுக்குக் குறுக்கே நிற்காது என்றது ஐந்து நீதிபதிகள் கொண்ட உச்ச நீதிமன்ற அமர்வு. பின்னர் 44-ஆவது திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளிலிருந்து நீக்கியது. அதன் பிறகும் அரசமைப்பின் 300ஏ பிரிவின்படி ஓய்வூதியம் சொத்துதான், சட்டப்படியான விதி இல்லாமல் அதை நிறுத்திவைக்க முடியாது என்று 2013-இல் ஜார்க்கண்ட் அரசின் வழக்கில் உறுதியானது.

எல்லாவற்றிலும் பெரிய பாய்ச்சல் நகரா வழக்கு. 1979 மே மாதம் மத்திய அரசு ஓய்வூதியக் கணக்கீட்டைத் தாராளமாக்கியது. கடைசி 36 மாதச் சராசரிக்குப் பதிலாகக் கடைசி 10 மாதச் சராசரி. ஆனால் அந்த ஆண்டு மார்ச் 31 அன்றோ அதன் பின்னரோ ஓய்வு பெற்றவர்களுக்கே அது பொருந்தும் என்றது. ஒருநாள் முன்னால் ஓய்வு பெற்றவருக்குப் பழைய கணக்குதான். பாதுகாப்பு அமைச்சகத்தில் நிதி ஆலோசகராக இருந்து 1972-இல் ஓய்வு பெற்ற நகரா இதை எதிர்த்தார். ஒரே வகுப்பினரைத் தேதியால் இரண்டாக வெட்டுவது சமத்துவத்துக்கு மாறானது என்று 1982 டிசம்பர் 17 அன்று தீர்ப்பு வந்தது. எழுதியவர் நீதிபதி டி. ஏ. தேசாய். உழைத்த காலத்தின் ஊதியத்தில் ஒரு பகுதியே ஓய்வூதியமாகப் பின்னால் வருகிறது என்ற பார்வையை அது நிலைநாட்டியது. டிசம்பர் 17 இன்றும் ஓய்வூதியர் தினம்.

உரிமை கிடைத்தாலும் பணம் கைக்கு வரவேண்டுமே. கேரளத்தில் 1973 மே மாதம் ஓய்வு பெற்ற ஊழியருக்கு, கடைசி ஊதியச் சான்று வராததால் இரண்டு ஆண்டுக்கும் மேல் ஓய்வூதியமும் பணிக்கொடையும் கிடைக்கவில்லை. தாமதத்துக்கு அரசு வட்டி கட்டவேண்டும் என்று 1984-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. ஓய்வு பெற்று இரண்டு மாதம் முடிந்ததுமே அந்தப் பொறுப்பு தொடங்க வேண்டும் என்றும் சொன்னது.

பதவி உயர்வின் பாதை இவ்வளவு நேரானதல்ல. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதே உரிமை, பதவி உயர்வு உரிமையல்ல. குற்றச்சாட்டுக்கு உள்ளானவரின் பதவி உயர்வு முடிவை வெளியிடாமல் மூடிவைக்கும் ‘முத்திரையிட்ட உறை’ வழக்கத்துக்கு 1991-இன் ஜானகிராமன் வழக்கு வரம்பு கட்டியது: குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்கிய பிறகே உறையை மூடலாம். குற்றமற்றவர் என விடுவிக்கப்பட்டவரிடம், வேலை செய்யாதவருக்குச் சம்பளமில்லை என்ற விதியைக் காட்டி நிலுவையைக் கண்ணை மூடிக்கொண்டு மறுக்க முடியாது. அவரை வேலை செய்யவிடாமல் வைத்தது நிர்வாகமே.

ஜூன் 30-இல் ஓய்வு பெறுவோர் ஜூலை 1-இன் வருடாந்திர ஊதிய உயர்வை இழந்துவந்தார்கள். ஓராண்டு முழுதும் உழைத்து ஈட்டியதை ஒரு நாளுக்காகப் பறிக்கலாகாது என்று 2017-இல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. 2023 ஏப்ரலில், கர்நாடக மின் கடத்தல் கழக வழக்கில், உச்ச நீதிமன்றமும் அதே முடிவுக்கு வந்தது.

ஆனால் தாமதம் பதவி உயர்வில் நேர்ந்தால் கதை வேறு. மேற்கு வங்கத்தில் ஓர் அறிவியல் அலுவலர் 2016 டிசம்பர் 31 அன்று ஓய்வு பெற்றார். அவருடைய பதவி உயர்வுக்கான இறுதி ஒப்புதல் 2017 ஜனவரி 4 அன்று வந்தது. ஓய்வூதியக் கணக்குக்காவது அந்த உயர்வைக் கருத்தியலாகச் சேர்க்கலாம் என்று கீழே கிடைத்த உத்தரவை, உயர்ந்த பதவியில் பொறுப்பேற்காதவருக்கு அதன் பலன் இல்லை என்று கூறி, 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.