எலி மாதம், இரண்டாம் தேதி

நம்ம பஞ்சாங்கத்தில் எலி மாதம் என்று ஒன்று கிடையாது. ஆனால் 1769இல் வெளிவந்த ஒரு பிரெஞ்சு நூலில், காசியிலிருந்து மதுரைக்கு எழுதப்பட்ட முதல் கடிதத்தின் தேதி அதுதான். எலி மாதம் இரண்டாம் நாள், உலகம் புதுப்பிக்கப்பட்ட ஆண்டு 115652. எழுதுகிறவன் அமாபெத் என்ற காசி இளைஞன். பெறுகிறவர் மதுரையின் தலைமைப் பிராமணர், பெயர் சாஸ்தாசித். நாஞ்சில் நாட்டுக்காரனான எனக்கு அந்தப் பெயரைப் பார்த்ததும் குளத்தங்கரைச் சாஸ்தாதான் ஞாபகம் வந்தார். எழுதியவர் மனதில் சாஸ்திரம் இருந்திருக்க வேண்டும்.

எழுதியவர் வால்தேர். இந்தியப் பக்கமே வராதவர். நூலின் பெயர் 'அமாபெத்தின் கடிதங்கள்'. அட்டையில் அவர் பெயர் இல்லை, தம்போனே என்ற பாதிரியார் மொழிபெயர்த்ததாகப் போட்டிருந்தது. அந்தப் பாதிரியாருக்கும் இந்த நூலுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ஆக, எழுதியவன் கற்பனை, பெற்றவர் கற்பனை, மொழிபெயர்ப்பாளர் விவகாரமும் பொய்.

கதை இதுதான். அமாபெத்தும் அவன் மனைவி அதாத்தேயும் காசிக்கு வந்த ஃபாதுத்தோ என்ற பாதிரியாரிடம் இத்தாலிய மொழி கற்கிறார்கள். மதுரைக்குப் போய்ச் சாஸ்தாசித்தைப் பார்க்கலாம் என்று கிளம்புகிறவர்களை அவர் கோவாவுக்குக் கொண்டுபோய் மதவிசாரணைச் சிறையில் மாட்டிவிடுகிறார். அங்கே அதாத்தேயை வன்புணர்வு செய்கிறார். வழக்கு போப்பின் முன்னால் போக வேண்டும் என்று கப்பலேற்றி, ஆப்பிரிக்காவைச் சுற்றி ரோமுக்கு அனுப்புகிறார்கள். காலம் பத்தாம் லியோ போப்பாக இருந்த பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கம். கோவாவில் மதவிசாரணை மன்றம் வந்ததே 1560இல்தான். வால்தேருக்கு அதெல்லாம் பொருட்டில்லை. அவருக்கு அடிக்க வேண்டியது திருச்சபையை. அடிக்கக் கையில் ஒரு இந்தியன் வேண்டும், அவ்வளவுதான்.

இந்த உத்தியை அவர் கண்டுபிடிக்கவில்லை. 1684இல் மரானா என்ற இத்தாலியர் பாரிஸில் ஒளிந்திருக்கும் துருக்கிய ஒற்றன் ஒருவன் எழுதியதாகக் கடிதங்களை வெளியிட்டார். 1721இல் மோந்தெஸ்கியூவின் 'பாரசீகக் கடிதங்கள்' வந்தது. ஆம்ஸ்டர்டாமில் அச்சாகி, ஆசிரியர் பெயரில்லாமல், கொலோன் நகரத்தில் அச்சானதாகப் பொய் முகவரியோடு. 1760களின் தொடக்கத்தில் ஆலிவர் கோல்ட்ஸ்மித் லண்டன் செய்தித்தாள் ஒன்றில் ஒரு சீனனை உட்காரவைத்து எழுதினார். நூற்றாண்டு முழுக்க இந்த மாறுவேடப் போட்டி நடந்தது.

காரணம் எளிது. அரசனும் போப்பும் மக்களை ஏமாற்றும் மந்திரவாதிகள் என்று ஒரு பிரெஞ்சுக்காரன் சொன்னால் சிறை. வால்தேர் 1717இலேயே பாஸ்தீல் சிறைக்குள் போய் வந்தவர். அதையே விவரம் தெரியாத பாரசீகன் ஊருக்கு எழுதும் கடிதத்தில் சொன்னால் சிரிப்பு. புதுசா வந்தவனுக்கு நம்ம வழக்கமெல்லாம் விநோதமாகத் தெரியும், தெரிந்ததை அப்படியே சொல்லிவிடுவான். வெளியூர் மாப்பிள்ளை முதல் பொங்கலுக்கு வந்து உட்கார்ந்து, "இதை ஏன் இப்படிச் செய்யுறீங்க?" என்று கேட்கும்போது வீடே கொஞ்சம் நெளியுமே, அந்த நெளிச்சல்தான் இந்த நூல்களின் மூலதனம்.

சரி, ஏன் மதுரை? பிரான்சில் படிக்கிறவனுக்கு மதுரை தெரிந்த பெயர்தான். 1702 தொடங்கி முக்கால் நூற்றாண்டு காலம் ஏசு சபைப் பாதிரியார்களின் கடிதங்கள் பாரிஸில் தொகுதி தொகுதியாக அச்சாயின. மதுரை மிஷன் கடிதங்கள் அதில் முக்கியமானவை. வால்தேர் ஏசு சபையின் பள்ளியில் படித்தவர், இந்தக் கடிதங்களையும் படித்தவர். பாதிரியார்களிடமிருந்தே மதுரையை எடுத்துப் பாதிரியார்கள் மேலேயே எறிந்தார் என்று நான் நினைக்கிறேன்.

அந்தக் கடிதப் பாதையைப் பின்னால் பிடித்துக்கொண்டே போனால் எங்க ஊருக்கு வந்து நிற்கும். கோட்டாறு சவேரியார் கோயில் திருவிழாவுக்குப் போகாத நாகர்கோயில்காரர் குறைவு, மத வித்தியாசமெல்லாம் கிடையாது. அந்த பிரான்சிஸ் சவேரியார் 1544 ஜனவரியில் கொச்சியிலிருந்து ரோமுக்கு எழுதிய நீண்ட கடிதம் அடுத்த ஆண்டே பாரிஸில் பிரெஞ்சில் அச்சானது. இந்தியாவிலிருந்து போன கடிதங்களுக்கு ஐரோப்பாவில் வாசகர் கூட்டம் உருவானதில் அதற்குப் பெரிய பங்குண்டு.

அதே ஆண்டு ஜூனில் மணப்பாட்டிலிருந்து எழுதிய சின்னக் கடிதம்தான் எனக்கு அதைவிடப் பிடித்தது. வடுகப் படை வந்து பரதவர்களைத் துரத்துகிறது. அவர்கள் குமரிமுனைப் பாறைகளில் ஏறி ஒளிந்துகொண்டு சோறும் தண்ணியும் இல்லாமல் கிடக்கிறார்கள். சவேரியார் இருபது தோணிகளோடு உதவிக்குக் கிளம்புகிறார். காற்று எதிர்க்காற்று, துடுப்புப் போட்டும் கயிறு கட்டி இழுத்தும் தோணி முனைக்குப் போய்ச் சேரவில்லை, திரும்பிவிடுகிறார். ஆனி மாதக் கச்சான் காற்று எப்படி அடிக்கும் என்று தெரிந்தவர்களுக்கு அந்தக் கடிதத்தில் ஒரு வார்த்தைகூட அலங்காரமாகத் தெரியாது. இன்றைக்கு விவேகானந்தர் பாறைக்கே கடல் கொந்தளித்தால் படகை நிறுத்திவிடுகிறார்கள்.

ஆனால் ஜனவரிக் கடிதம் வேறு மாதிரி. அதில் ஒரு கோயிலில் இருநூறுக்கும் மேற்பட்ட பிராமணர்களோடு நடந்த உரையாடல் வருகிறது. உங்கள் கடவுள் சொர்க்கம் போக என்ன செய்யச் சொல்கிறார் என்று இவர் கேட்க, பசுவைக் கொல்லாதே, பிராமணருக்குத் தானம் கொடு என்று இரண்டே விஷயங்களைச் சொன்னார்களாம். சவேரியாரின் தமிழ் அப்போது மனப்பாடம் செய்த ஜெபங்களின் அளவுதான். நடுவில் துபாஷிகள். அந்தப் பிராமணர்கள் உண்மையில் எவ்வளவு நீளமாகப் பேசினார்களோ, யார் கண்டது? கடிதம் உண்மை, எழுதியவர் உண்மை, பேசியவர்களும் உண்மையான ஆட்கள். ஆனாலும் அவர்கள் பேச்சு எனக்கு அமாபெத்தின் பேச்சு மாதிரியே கேட்கிறது. கேட்கிறவனுக்குத் தேவையானதை மட்டும் பேசும் வாய்.

அந்த ஆண்டு கடைசியில் திருவிதாங்கூர் கரையில், அதாவது இன்றைய குமரி மாவட்டக் கடற்கரைகளும் சேர்ந்த பகுதியில், ஒரே மாதத்தில் பத்தாயிரத்துக்கு மேற்பட்ட முக்குவர்களுக்கு ஞானஸ்நானம் கொடுத்ததாக எழுதுகிறார். பத்தாயிரம் பேர். அந்த வரிகளில் ஒருத்தர் குரல்கூட இல்லை.

இரவல் குரலின் உச்சம் ஒன்று உண்டு. 1760இல் மோதாவ் என்ற பிரெஞ்சு அதிகாரி வால்தேரிடம் ஒரு சுவடியைக் கொடுத்தார். பெயர் 'எசூர்வேதம்'. வியாசரும் சுமந்துவும் உரையாடுகிற மாதிரி இருக்கும். சிலை வணக்கத்தைக் கண்டித்து ஒரே கடவுளைப் பேசும். மிகப் பழைய இந்திய ஞானம் என்று நம்பி வால்தேர் அதை அரச நூலகத்துக்கே அளித்தார். பைபிளுக்கு முந்திய அறிவு இதோ என்று திருச்சபைக்கு எதிராகப் பயன்படுத்தினார். பிறகு தெரிந்தது, அதை எழுதியவர்களே ஏசு சபைப் பாதிரியார்கள். இந்துக்களோடு வாதாடுவதற்காக ரிஷியின் வாயில் தங்கள் கருத்தைப் போட்டு வைத்திருந்தார்கள். புதுச்சேரியில் அதன் மூலச் சுவடிகளைப் பார்த்து விவரமாக எழுதியவர் நம்ம எல்லிஸ்தான், திருக்குறளுக்கு உரை எழுதிய எல்லிஸ். அவர் இறந்த பிறகு 1822இல் அந்தக் கட்டுரை வெளியானது. பாதிரியாரைக் கேலிசெய்ய இந்தியனின் வேடம் போட்டவர், இந்தியனின் வேடம் போட்ட பாதிரியாரிடம் ஏமாந்திருக்கிறார். வால்தேரே எழுதியிருந்தால்கூட இவ்வளவு கச்சிதமாக வந்திருக்காது.

இதற்கெல்லாம் முன்பே நிஜமான தமிழர்கள் ஐரோப்பாவுக்குக் கடிதம் எழுதிவிட்டார்கள். தரங்கம்பாடியில் 1706இல் வந்திறங்கிய சீகன்பால்கும் அவருடைய தோழர் க்ரூண்ட்லரும் 1712 முதல் 1714 வரை தமிழர்களுக்குக் கேள்விகள் அனுப்பி எழுத்தில் பதில் வாங்கினார்கள். மொத்தம் 99 கடிதங்கள். ஜெர்மனில் மொழிபெயர்க்கப்பட்டு, ஹாலே நகரத்தில் 1714இல் 55, 1717இல் 44 என்று அச்சாயின. 'பாரசீகக் கடிதங்கள்' வருவதற்கு நான்கு ஆண்டுகள் முன்பு! கற்பனைப் பாரசீகன் பேச ஆரம்பிப்பதற்குள் உண்மையான தஞ்சாவூர்ப் பக்கத்து ஆட்கள் ஐரோப்பியர்களைப் பார்த்துப் பேசி முடித்துவிட்டார்கள். மாட்டிறைச்சி தின்கிறீர்கள், குடிக்கிறீர்கள், ஒழுங்காகக் குளிப்பதில்லை, உங்கள் வேதம் நல்லதாக இருக்கலாம், உங்கள் நடத்தை அப்படி இல்லையே என்கிறார்கள். மோந்தெஸ்கியூ தலையைப் பிய்த்துக்கொண்டு கற்பனை செய்ய வேண்டியிருந்தது இங்கே சும்மா கிடைத்தது.

ஆனால் அச்சில் வந்தபோது எழுதியவர்கள் பெயர் இல்லை. பக்கத்தின் அடியில் பாதிரியார்களின் மறுப்புக் குறிப்புகள் உண்டு. பல கடிதங்களுக்குப் பின்னால் சீகன்பால்கின் மொழிபெயர்ப்பாளர் அழகப்பன் இருக்கிறார் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். நம்மால் இன்று படிக்க முடிவது ஜெர்மன் வழியாக வந்த தமிழர்களைத்தான். வால்தேரின் பொய்க் கடிதத்தில் அமாபெத்துக்குப் பெயராவது இருக்கிறது. இந்த 99 உண்மைக் கடிதங்களில் அதுகூட இல்லை. எனக்கு வால்தேர் மேல் வராத கோபம் இங்கே வருகிறது.

பொய்க் குரல் என்றாலே மோசம் என்று சொல்ல நான் வரவில்லை. 'பாரசீகக் கடிதங்க'ளைக் கடைசிவரை படிக்கிறவர்களுக்கு அது தெரியும். பாரிஸைப் பார்த்துச் சிரிக்கும் உஸ்பெக், சுதந்திரம் பற்றி அழகழகாக எழுதும் உஸ்பெக், ஊரில் தன் அந்தப்புரத்துப் பெண்களைக் காவலாட்களின் கண்காணிப்பில் பூட்டி வைத்திருக்கிறவன். கடைசிக் கடிதம் அவனுடையது அல்ல, அவன் மனைவி ரொக்ஸானுடையது. விஷம் குடித்துவிட்டு எழுதுகிறாள். இத்தனை நாள் உனக்கு அடங்கினதுபோல் இருந்தேன், மனசுக்குள் அடங்கவே இல்லை என்பதுதான் சாரம். அதுவரை ஊரைக் கேலிசெய்த கண்ணாடி சட்டென்று அதைப் பிடித்திருந்தவன் பக்கம் திரும்புகிறது. வால்தேரிடம் இந்தத் திருப்பம் கிடையாது. அதாத்தேக்கு நேர்ந்த கொடுமை அவருக்குத் திருச்சபைக்கு எதிரான இன்னொரு சாட்சியம், அவ்வளவே. ரோமுக்குப் போய்ச் சேர்ந்ததும் அவளும் அமாபெத்தும் விருந்துகளில் கரைந்துபோகிறார்கள்.

ரொக்ஸானைப் படித்தபோது எனக்கு ஞாபகம் வந்தவள் கவிமணியின் ஐந்தாவது மனைவி. தேரூர் தேசிகவிநாயகம் பிள்ளை 1917 முதல் 'தமிழன்' இதழில் எழுதிய 'நாஞ்சில்நாட்டு மருமக்கள்வழி மான்மிய'த்தில் கதை சொல்பவள் அவள். நாஞ்சில் வேளாளர்களிடம் அப்போது சொத்து மகனுக்குப் போகாது, சகோதரியின் மகனுக்குப் போகும். ஆனால் கட்டினவள் வந்து வாழ்வது புருஷன் வீட்டில். அதே அடுப்படியில் மாமி, நாத்தி, சொத்துக்கு உரிய மருமகன், மற்ற சக்களத்திகள். புருஷன் கண்ணை மூடினால் உகந்துடைமை, நங்குடைமை என்று ஏதோ கொஞ்சம் ஒதுக்குவார்கள், அதற்கும் கோர்ட்டு ஏற வேண்டும். 'கோடேறிக் குடிமுடித்த படலம்' என்றே அதில் ஒரு பகுதி உண்டு.

என் ஆச்சி அவளுடைய அம்மையைப் பற்றிப் பேசும்போது ஒரு வார்த்தை சொல்லுவாள், "வந்து கேறினவ." நாற்பது வருஷம் அந்த வீட்டில் பொங்கிப் போட்ட பிறகும் பூட்டி வந்து கேறினவதான். பத்தாயத்தில் எவ்வளவு நெல் இருக்கிறது, சாவி யார் இடுப்பில் இருக்கிறது, எந்த மருமகன் எப்போது வந்து கணக்குக் கேட்பான் எல்லாம் அவளுக்கு அத்துப்படி. எதுவும் அவளுடையதில்லை. வீட்டை இந்த அளவுக்குக் கூர்மையாகப் பார்க்க இஸ்பஹானிலிருந்து பாரிஸுக்குப் போக வேண்டியதில்லை. தேரூர்ப் பெண்ணைக் கட்டிச் சுசீந்திரத்துக்குக் கொண்டுபோனால் போதும், நாலு மைல்கூட இருக்காது.

அந்தப் பெண்ணும் ஆண் எழுதிய குரல்தான். ஆனால் கவிமணி அதே நாஞ்சில் நாட்டு வேளாளர். கேலி போய் விழுவது அவர் சொந்தக்காரர்களின் தலையில். சொத்தை விட்டுக்கொடுக்க மனசில்லாத காரணவன்மார் அதைப் படித்தார்கள், திண்ணையில் உட்கார்ந்து அடுத்தவர் வாசிக்கக் கேட்டார்கள். சிரித்திருப்பார்கள், அப்புறம் யாரைப் பற்றிச் சிரிக்கிறோம் என்று தெரிந்திருக்கும். 1926இல் திருவிதாங்கூர் அரசு நாஞ்சில் வேளாளர் சட்டத்தைக் கொண்டுவந்தது. அதற்குப் பலர் உழைத்தார்கள், மான்மியமும் அந்தக் கூட்டத்தில் ஒன்று.

பூட்டிக்கு எழுத்துத் தெரியாது. ஆனால் மான்மியத்தில் மாமியாரின் ஆட்சியைச் சொல்லும் பகுதி அவளுக்கு முழுக்க மனப்பாடம் என்று ஆச்சி சொல்லியிருக்கிறாள். இதை எழுதினது ஒரு ஆம்பிளை என்று யாரோ சொன்னபோது அவள் நம்பவில்லையாம். அவன் எழுதியிருக்கலாம், எவளோ சொல்லிக் கொடுத்திருக்கிறாள் என்றாளாம்.