தமிழ்ப் பேய் நகைச்சுவைப் படங்கள்

பேய்ப் படங்களின் வாடிக்கையான மிரட்டல்களைக் கேலி செய்தபடியே, பேயிடம் மாட்டிய குடும்பத்தையும் சேர்த்துக் கலாய்க்கும் திரைப்பட வகை. பாழடைந்த பங்களாவும் கிரீச்சிடும் கதவும் சாக்குத்தான். அடி விழுவதென்னவோ அப்பா, மாமியார், சம்பந்தி ஆகியோர் முதுகில்.

இவ்வகைக்கு முன்னோடி, பேயே தலைகாட்டாத ஒரு காட்சி. ஸ்ரீதர் இயக்கிய 'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில், அப்பாவின் பணத்தை நம்பிச் சினிமா எடுக்கத் துடிக்கும் செல்லப்பா அவருக்கு ஒரு திகில் கதை சொல்கிறான். செல்லப்பாவாக வரும் நாகேஷ் எல்லா ஓசைகளையும் வாயாலேயே எழுப்ப, எதிரே அப்பாவாக உட்கார்ந்திருக்கும் டி. எஸ். பாலையாவின் முகம் கொஞ்சம் கொஞ்சமாக வெளிறுகிறது. திகில் படத்துக்கும் நக்கல், பணக்கார அப்பாவுக்கும் நக்கல். இதைத் தாண்டிய காட்சி இன்றுவரை வரவில்லை என்றே சொல்லலாம்.

பி. வாசுவின் 'சந்திரமுகி' (2005) கறாராகப் பார்த்தால் பேய்ப் படமே அல்ல, மனநோய்க் கதை. ஆனாலும் வடிவேலுவின் முருகேசன் நடுங்கிய நடுக்கம் பயத்தையே வியாபாரச் சரக்காக்கியது. 'முனி' (2007), 'காஞ்சனா' (2011) படங்களில் ராகவா லாரன்ஸ் அந்த நடுக்கத்தைக் கதாநாயகனுக்கே கொடுத்தார். 'காஞ்சனா'வில் இருட்டினால் அம்மாவின் துணையின்றி அசையாத வாலிபன் அவன். அம்மாவாகக் கோவை சரளா, அண்ணியாகத் தேவதர்ஷினி. வீட்டில் பேய் இருக்கிறதா என்று இந்த மாமியாரும் மருமகளும் சோதித்துப் பார்க்கும் இடங்களில், பேயைக் காட்டிலும் இருவரின் நெருக்கமும் உரசலும்தான் சிரிப்பூட்டும்.

அமெரிக்காவில் 'தி சிம்ப்சன்ஸ்' கார்ட்டூன் தொடர் 1990 முதல், பேய் வேடம் கட்டும் ஹாலோவீன் நாளுக்கென்று தனிப் பேய்க்கதைகள் தருகிறது. முதல் கதையிலேயே, சிம்ப்சன் குடும்பத்தோடு வாழ்வதற்குப் பதில் அழிந்துபோகலாம் என்று பேய் வீடு தானே தன்னை அழித்துக்கொள்ளும்! நம் ஊரிலும் வேடம் கட்டும் நாள் உண்டு. மகா சிவராத்திரியை ஒட்டித் தருமபுரி மாவட்டத்தில் நடக்கும் மயானக் கொள்ளையில் பக்தர்கள் காளி வேடமிட்டுச் சுடுகாட்டுக்கு ஊர்வலம் போவார்கள். அது நேர்த்திக்கடன், கேலிக்கு இடமில்லை. சினிமாப் பேய்களுக்கோ பள்ளி விடுமுறைதான் திருவிழா: 'சந்திரமுகி', 'காஞ்சனா 2' (2015), 'காஞ்சனா 3' (2019) மூன்றுமே ஏப்ரலில் வந்தவை.

நேரடிப் பகடி வந்தது தொலைக்காட்சி வழியாக. விஜய் டிவியில் தமிழ்ப் படங்களை வறுத்தெடுத்த 'லொள்ளு சபா'வின் இயக்குநர் ராம்பாலா, அதில் வளர்ந்த சந்தானத்தை வைத்துத் 'தில்லுக்கு துட்டு' (2016) எடுத்தார். மகளின் காதலனை ஒழித்துக்கட்ட அவள் அப்பா கல்யாணத்தைப் பங்களாவில் ஏற்பாடு செய்து, போலிப் பேய்களை ஏவுகிறார். அங்கே அசல் பேய் காத்திருக்கிறது. அதே வரிசையில் எஸ். பிரேம் ஆனந்த் இயக்கிய 'டிடி நெக்ஸ்ட் லெவல்' (2025) படத்தில், பேயாகிவிட்ட ஓர் இயக்குநர் தம் படத்துக்குள்ளேயே விமர்சகனையும் அவன் குடும்பத்தையும் அடைத்துவிடுகிறார். அம்மாவும் அப்பாவும் அங்கே திரைக்கதைப் பாத்திரங்களாகி மகனையே மறந்துபோகிறார்கள்.