மின்னணுக் கலையும் கண்காட்சியும்

ஓவியமும் சிற்பமும் ஒருமுறை படைக்கப்பெற்ற பின்னர்ப் படைத்தோனை வேண்டாது தாமே நிற்பன. கூடம் அடைபட்ட இரவிலும் சுவரில் உள்ள ஓவியம் ஓவியமே. பாரிசு நகரத்து லூவர் அரண்மனையில் 1737 முதல் ஒழுங்குற நிகழ்ந்த கண்காட்சிகள் தொட்டு, ஐரோப்பியக் கண்காட்சி மரபு இந்நிலைபேற்றினை அடிப்படையாகக் கொண்டே வளர்ந்தது. தொலைக்காட்சியும் கணிப்பொறியும் கலைக்குக் கருவியாகிய பின்னர் அம்மரபு எய்திய மாற்றத்தினையும், அதன்வழி எழுந்த வினா ஒன்றினையும் யாம் ஈண்டு ஆராயப் புகுகின்றோம். பொறி நின்றவழித் தானும் மறையும் கலைப்படைப்பில் காக்கத்தக்கது பொறியா, அதன்கண் நிகழும் நிகழ்ச்சியா என்பதே அவ்வினா.

மேற்குச் செருமனியின் வுப்பர்டால் நகரில் 1963 மார்ச்சுத் திங்கள் 11 முதல் 20 வரை நிகழ்ந்த கண்காட்சியினை இவ்வாராய்ச்சிக்குத் தொடக்கமாகக் கொள்ளலாம். ரோல்ஃப் யேர்லிங் என்னும் கட்டடக் கலைஞர் தம் இல்லத்தில் நடத்திவந்த பர்னாசு கலைக்கூடமே அதன் இடம். அதனை அமைத்தவர், 1932இல் கொரியாவிற் பிறந்து செருமனியில் இசை பயின்ற நாம்ஜூன் பைக் என்பார். அவர் தொலைக்காட்சிப் பெட்டிகளின் உள்ளமைப்பை மாற்றிக் காட்சிக்கு வைத்தார். ஒன்றனோடு ஒலிவாங்கி இணைக்கப்பட்டிருந்தது. காண்போர் அதனிற் பேசியவழித் திரையில் ஒளி சிதறிற்று. பிறிதொன்றில் வானொலியின் ஒலியளவிற்கேற்ப ஓர் ஒளிப்புள்ளி பெருகியும் சிறுகியும் தோன்றிற்று. பழுதுற்ற ஒரு பெட்டியில் படம் முழுதும் ஒற்றைக் கோடாகச் சுருங்கியிருந்தது. பைக் அதனைக் கழித்திலர்; கோடு செங்குத்தாக நிற்குமாறு பெட்டியைப் பக்கவாட்டில் நிறுத்தி அதனையும் ஒரு படைப்பாக்கினார்.

இக்கண்காட்சி மாலை 7.30 முதல் 9.30 வரையே திறந்திருந்தது. அந்நாளில் அந்நாட்டு ஒளிபரப்பு மாலைப்பொழுதினை ஒட்டி அமைந்திருந்தமையே இதற்குக் காரணம். இச்சிறு செய்தி பெரிதும் கருதற்பாலது. கூடத்தின் பொழுதைக் கூடம் வகுக்கவில்லை. அதற்குப் புறம்பே நின்ற ஊடகம் வகுத்தது. ஒளிபரப்பும் மின்னோட்டமும் காண்போன் குரலும் ஒருங்கு கூடியபொழுதே படைப்பு உளதாயிற்று.

ஐந்தாண்டுகள் கழித்து, 1968 ஆகஸ்டு முதல் அக்டோபர் வரை, இலண்டன் தற்காலக் கலைக்கழகத்தில் யாசியா ரைக்கார்ட் என்னும் அம்மையார் ‘சைபர்நெட்டிக் செரண்டிப்பிட்டி’ என்னும் கண்காட்சியினை அமைத்தார். கணிப்பொறியால் ஆகிய படங்களும் இசையும் செய்யுளும், காண்போரின் அசைவிற்கும் ஒலிக்கும் எதிர்வினை காட்டும் பொறிகளும் அதன்கண் இடம்பெற்றன. அவற்றைக் கண்ட அளவில், செய்தவர் கலைஞரா, பொறியியலாரா, கணித வல்லுநரா என்று பிரித்தறிதல் அரிதாயிற்று. கணிப்பொறிப் படைப்பின் உயிர் பொறிக்கு எழுதப்பெற்ற கட்டளைத் தொடரில் உள்ளதாயின், அத்தொடரை வேறொரு பொறியிலும் இயக்கலாமன்றோ? முன்னர்க் கூறிய வினாவிற்கு ஒருவாறு விடை ஈண்டுத் தோன்றுகின்றது.

அவ்விடையினை நியூயார்க்கு நகரத்துக் குக்கன்ஃகைம் அருங்காட்சியகம் 2004இல் வெளிப்படையாகச் சோதித்தது. கிரஃகாம் வைன்பிரன், இராபர்ட்டா ஃபிரீடுமன் என்னும் இருவர் 1982க்கும் 1985க்கும் இடையில் இயற்றிய ‘எர்ல் கிங்’ என்னும் படைப்பு, தொடுதிரையும் லேசர் வட்டுகளும் கொண்டு, காண்போன் தொடுதலுக்கேற்பக் கதை மாறும் இயல்பினது. அதன் பழம்பொறிகள் நெடுநாள் நில்லா. ஆதலின், பழைய கட்டளைத் தொடரைப் புதிய கணிப்பொறியில் இயங்கச் செய்து, மூலத்தையும் புத்துருவையும் அருகருகே வைத்தனர். ஏட்டுச்சுவடியையும் அதன் படியையும் ஒருங்கு வைத்து ஒப்புநோக்கும் பதிப்பாசிரியர்க்கு இம்முறை புதிதன்று.

ஆயினும், எல்லாப் படைப்பும் இவ்வாறு பெயர்த்தற்கு எளியன அல்ல. தென்கொரியாவின் குவாச்சன் நகரில் உள்ள தேசியக் கலை அருங்காட்சியகத்தில், 1988இல் பைக் 1,003 தொலைக்காட்சிப் பெட்டிகளைக் கோபுரம்போல் அடுக்கி ஒரு படைப்பினை நிறுவினார். பெட்டிகள் முதுமையுற்றமையின் 2018இல் அதன் இயக்கம் நிறுத்தப்பட்டது. பைக் 2006இலேயே மறைந்தமையின் அவரை உசாவுதற்கும் வழியில்லை. பழைய கண்ணாடிக் குழல்களை விடலாகாது என்பாரும், புதிய திரைகளே ஏற்புடைய என்பாரும் எனக் கருத்து இருதிறப்பட்டது. முடிவில், 737 பெட்டிகளில் பழைய வகைக் குழல்களைச் செப்பனிட்டும் மாற்றியும் காத்தனர். எஞ்சிய 266இல் தட்டைத் திரைகளைப் பொருத்தினர். 2022 செப்டம்பரில் கோபுரம் மீண்டும் ஒளிபெற்றது.

இதனை உடன்பாடு என்பதோ குறைபாடு என்பதோ முழுதும் பொருந்தாது. ‘எர்ல் கிங்’ கட்டளைத் தொடரால் வாழ்வது. ஆகவே பொறி மாறினும் பெரிதும் தான் மாறாது. கோபுரத்திலோ குழலின் புடைத்த கண்ணாடியும் அதன் ஒளியும் சிற்பத்தின் உடலே. ஆதலின், காக்கத்தக்கது யாது என்பதற்குப் பொதுவிதி ஒன்று வகுத்தல் இயலாது. படைப்புத்தோறும் அதனை ஆராய்ந்து துணிதல் வேண்டும்.

அத்துணிபிற்கு வேண்டும் சான்று யாண்டுக் கிடைக்கும்? முதற் கண்காட்சியிலேயே கிடைக்கும். வுப்பர்டால் காட்சியினை இன்று யாம் அறிவது, அந்நாளில் எடுக்கப்பட்ட ஒளிப்படங்களாலும் பைக் எழுதிய குறிப்புகளாலுமே. கூடம் திறந்திருந்த பொழுது, பொறிகளின் இணைப்பு, அறையின் ஒளி, காண்போர் செய்த செயல் ஆகியவற்றை உடனுக்குடன் எழுதிவைத்தல் இனிக் கண்காட்சியின் புறத்தொழில் ஆகாது. படைப்பின் ஒரு கூறே ஆகும் என்பது எம் துணிபு. அக்குறிப்பு இல்வழி, எதிர்காலத்தார் கையில் எஞ்சுவது ஒளியற்ற பெட்டி ஒன்றே.