ஞாயிற்றுக்கிழமையின் விலை

ஞாயிற்றுக்கிழமை வேலைக்கு வரச் சொன்னால் தொழிலாளிக்கு என்ன கொடுக்க வேண்டும்? யாரைக் கேட்டாலும் "இரட்டைச் சம்பளம்" என்று யோசிக்காமல் சொல்லிவிடுவார்கள். சட்டத்தைப் புரட்டிப் பார்த்தால் காரியம் அத்தனை சுலபமாக இல்லை. கதை எழுதுகிறவனுக்குச் சட்டப் புத்தகத்தில் என்ன வேலை என்று நீங்கள் கேட்கலாம். மனிதர்கள் ஒரு நாளுக்கு விலை வைத்த கதை அல்லவா அது! சில நாவல்களைவிட அதில் சுவை அதிகம்.

நம் பக்கத்தில் கைத்தொழில் செய்வோர் பலருக்கும் பழைய நாளில் அமாவாசைதான் ஓய்வு. ஞாயிறு, துரைமார்களோடு வந்த ஓய்வு. அவர்கள் மாதா கோயிலுக்குப் போக வேண்டும். கச்சேரியின் கதவு சாத்தப்பட்டது. ஆலைச் சக்கரத்துக்குக் கோயில் ஏது? பம்பாய்ப் பஞ்சாலைகளில் அது விடியலிலிருந்து அந்தி வரை சுழன்றது. 1881-ல் வந்த முதல் தொழிற்சாலைச் சட்டம் குழந்தைகளுக்கு மட்டும் மாதம் நான்கு நாள் விடுமுறை தந்தது. குழந்தை என்றால் ஏழு வயதிலிருந்து பன்னிரண்டுக்குள். ஏழு வயதுப் பிள்ளைக்கு ஆலையில் என்ன வேலை என்று அந்தச் சட்டம் கேட்கவில்லை!

இந்த இடத்தில்தான் நாராயண் மேகாஜி லோகண்டே வருகிறார். ஆலை ஒன்றில் ஸ்டோர்கீப்பராக இருந்தவர். ஜோதிராவ் பூலேயின் தோழர். 'தீனபந்து' பத்திரிகையின் ஆசிரியர். 1884 செப்டம்பரில் தொழிலாளர்களைக் கூட்டி, அரசு நியமித்த கமிஷனுக்கு ஒரு மகஜர் தயாரித்தார். அதில் சுமார் 5,500 பேர் கையெழுத்திட்டார்கள். வாரத்தில் ஞாயிறு முழு ஓய்வு, நடுப்பகலில் அரை மணி இடைவேளை, மாதச் சம்பளம் பதினைந்தாம் தேதிக்குள், காயம்பட்டால் உதவி: இவைதான் அவர்கள் கேட்டவை. ஞாயிறு என்பது மராட்டியத் தொழிலாளிக்கு அந்நிய நாளும் அல்ல. ஜெஜூரிக் கண்டோபாவுக்கு உகந்த நாள். துரை தன் சாமிக்காக வீட்டில் இருக்கலாமென்றால், இவன் தன் சாமிக்காக இருக்கக் கூடாதா?

ஆறு வருஷம் ஆயிற்று. 1890 ஏப்ரல் 24-ல் பம்பாயில் ஏறக்குறைய பதினாயிரம் பேர் திரண்ட கூட்டத்தில் இரண்டு பெண் தொழிலாளர்கள் எழுந்து பேசினார்கள். நாவலாசிரியனாக எனக்கு அந்த இருவர்மேல்தான் கண். வீட்டில் அடுப்பு, ஆலையில் தறி. அவர்களுக்கு ஞாயிறு கிடைத்தாலும் அது பாதி ஞாயிறுதானே! அந்த ஜூன் 10-ம் தேதி ஆலை முதலாளிகளின் சங்கம் இசைந்தது. மறு வருஷம், 1891-ல், சட்டமும் வார விடுமுறையை ஏற்றது. நாளைக் கொடுத்த சட்டம் அந்த நாளின் கூலியைப்பற்றி வாய் திறக்கவில்லை. ஓய்வு உண்டு, அன்றைய சோற்றுக்கு நீயே வழி பார்த்துக்கொள் என்பது பொருள். லோகண்டே 1897-ல் பிளேக்கில் இறந்துபோனார்.

அதன் பிறகுதான் விலை பேசுவது ஆரம்பம். 1922-ம் வருஷச் சட்டம், வாரத்தில் 60 மணிக்கு மேற்பட்ட வேலைக்கு ஒன்றேகால் மடங்கு கூலி என்றது. 1934-ல் அது ஒன்றரை ஆயிற்று. சுதந்திரத்துக்குப் பின் வந்த 1948-ம் வருஷச் சட்டத்தில் இரட்டை. ஆனால் கவனியுங்கள்: அந்த இரட்டை, நாளுக்கு ஒன்பது மணி அல்லது வாரத்துக்கு 48 மணி தாண்டிய வேலைக்கு, ஞாயிறு என்பதற்காக அல்ல. ஞாயிறு வேலைக்கு வந்தவனுக்கு அதற்கு முன்போ பின்போ மூன்று நாளுக்குள் வேறொரு நாள் முழு விடுமுறை தர வேண்டும் என்றுதான் அச்சட்டம் சொன்னது. நாளுக்கு எட்டு மணி வேலை என்று வைத்துக்கொள்வோம். ஒருவன் ஞாயிறு உழைத்து, புதன் ஓய்ந்தால், வாரக் கணக்கு 48 மணி. காசில் ஒரு பைசாக்கூட அதிகம் இல்லை. புதனும் ஓய்வின்றி உழைத்தால் 56 மணி; மிஞ்சிய எட்டு மணிக்கு இரட்டை. அதாவது, நாளுக்கு ஈடு நாள்; அந்த ஈடும் கிடைக்காதபோதுதான் பணம். எனக்கு இது நியாயமாகவே படுகிறது, ஒரு குறையைத் தவிர. புதன்கிழமை குழந்தைகள் பள்ளிக்கூடத்தில் இருப்பார்கள். வெறிச்சோடிய வீட்டில் தனியாக உட்கார்ந்திருப்பதா ஞாயிறுக்கு ஈடு?

இதை உணர்ந்தோ என்னவோ, குறைந்தபட்சக் கூலிச் சட்டத்தின்கீழ் 1950-ல் வகுக்கப்பட்ட மத்திய விதிகள் தாராளமாக நடந்துகொண்டன. ஓய்வு நாளில் வேலை செய்து மாற்று நாள் பெற்றவனுக்கு, உழைத்த ஞாயிறுக்கு ஓவர்டைம் விகிதத்தில் கூலி. ஓய்ந்த மாற்று நாளுக்கும் சாதாரணக் கூலி.

எதன் இரட்டை என்பது அடுத்த சங்கடம். ஒருவருக்கு மாதம் 15,600 ரூபாய் என்று கொள்ளுங்கள். முப்பதால் வகுத்தால் நாள் கூலி 520. இருபத்தாறால் வகுத்தால் 600. இரட்டிப்பாக்கினால் 1,040-ம் 1,200-ம். ஒரு ஞாயிறில் 160 ரூபாய் வித்தியாசம். கீழே விழுவது வகுக்கும் எண் மட்டுமே! பணிக்கொடை வழக்குகளில் 1980-லும் 1984-லும் சுப்ரீம் கோர்ட் இருபத்தாறின் பக்கம் நின்றது. மாதச் சம்பளம் என்பது உழைத்த நாட்களின் பலன், நாலு ஞாயிறும் அதற்குள்ளேயே அடக்கம் என்பது வாதம். 1987-ல் பாராளுமன்றம் பணிக்கொடைச் சட்டத்திலேயே அந்த எண்ணை எழுதி வைத்தது.

தொழிலாளிக்கு வெற்றி என்று நினைத்துவிடாதீர்கள். 1950-ம் வருஷ விதிகளிலேயே ஒரு நிபந்தனை ஒட்டப்பட்டிருந்தது. நாள் கூலி இருபத்தாறால் வகுத்துக் கண்டதானால், அதற்குள் ஓய்வு நாளின் கூலி ஏற்கெனவே சேர்ந்துவிட்டது. ஆகவே ஞாயிறு உழைத்தவனுக்கு ஓவர்டைம் விகிதம் உண்டு, மாற்று நாளுக்குத் தனிக் கூலி இல்லை. ஞாயிறைப் பெரிதாக்கிய அதே இருபத்தாறு, புதன்கிழமையின் 600 ரூபாயை மெல்ல எடுத்துக்கொண்டது.